எழினி இல்லாத அரங்கு

ரூபவாஹினி என்னும் பெயரை நாம் நாள்தோறும் கேட்கின்றோம். சிங்கள மொழியில் தொலைக்காட்சிக்கே அது பொதுப்பெயராகிவிட்டது. ஆயினும் அதன் பொருளை எண்ணிப் பார்ப்பார் சிலரே. ரூபம் என்பது உருவம். வாகினி என்பது ஏந்திச் செல்வது என்னும் அடிப்பொருளுடைய வடசொல். ஆறு என்பது அதற்கு ஒரு பொருள், படை என்பது பிறிதொரு பொருள். ஆகவே அப்பெயரை உருவங்கள் பெருகிவரும் ஆறு என்றும் கொள்ளலாம். உருவங்கள் அணிவகுத்து வரும் படை என்றும் கொள்ளலாம். பெயரிட்டோர் கருத்து யாதாயினும் ஆகுக. நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அதன் முன் அமர்ந்திருக்கும் நாம் வினவ வேண்டிய வினா ஒன்றுண்டு. நம் மனைக்குள் வந்தது நாம் நீராடி எழுதற்குரிய ஆறா, நம்மைச் சிறைகொள்ள வந்த படையா என்பதே அது.

தொலைக்காட்சியைக் கடிந்து பேசுவோர் பெரும்பாலும் அதில் வரும் காட்சிகளையே குறைகூறுவர். ஆடை குறைந்தது, கொலை மிகுந்தது, மொழி சிதைந்தது என்பர். அக்குறைகள் இல்லாமலில்லை. ஆயின் அவை நிகழ்ச்சியின் குறைகள். நல்ல நிகழ்ச்சி வரின் நீங்கிவிடுவன. யான் ஈண்டு ஆராயப் புகுவது நல்ல நிகழ்ச்சியாலும் நீங்காத ஒன்று. காண்போனை அசைவற இருத்தி, அருகிருப்போனிடமிருந்து பிரித்துவிடும் ஆற்றல் அப்பெட்டிக்கு எங்ஙனம் வந்தது? அவ்வாற்றலுக்கு மாற்று உண்டா? இவ்விரண்டுமே இக்கட்டுரையின் பொருள்.

மலை தடுத்த அலை

இலங்கையின் முதற் தொலைக்காட்சி ஒளிபரப்பு 1979 ஏப்ரல் 13-ஆம் நாள் தொடங்கிற்று. தனியார் முயற்சியாகத் தோன்றிய அந்நிலையத்தை அவ்வாண்டு ஜூன் மாதத்திலேயே அரசு பொறுப்பேற்றது. கொழும்பிலும் அதன் சூழலிலும் வாழ்ந்தோர்க்கே அது எட்டியது. கண்டியில் இருந்த நமக்கு அது செவிவழிச் செய்தியாகவே இருந்தது. பின்னர் யப்பானிய அரசின் நன்கொடையால் அமைந்த ரூபவாஹினிக் கூட்டுத்தாபனம் 1982 பெப்ரவரி 15-ஆம் நாள் ஒளிபரப்பைத் தொடங்கிற்று. நாட்டின் மிக உயர்ந்த சிகரமாகிய, 2524 மீற்றர் உயரமுள்ள பிதுருதலாகலையின் உச்சியில் அதன் கோபுரம் எழுந்தது.

தொலைக்காட்சி அலை ஒளியைப் போன்றது. நேரே செல்லும் இயல்பினது. மலை குறுக்கிடின் மறுபுறத்தே நிழல் விழும். கண்டி மாநகரோ ஏறத்தாழ 500 மீற்றர் உயரத்தில், ஹந்தானை முதலிய குன்றுகள் சூழக் கிண்ணத்தின் அடிபோல் அமைந்த ஊர். ஆதலின் தொடக்க நாள்களில் ஒவ்வொரு கூரையின் மேலும் நெடிய கம்பங்கள் எழுந்தன. ஒருவர் கூரைமேல் நின்று அன்டெனாவைத் திருப்புவார். உள்ளிருப்போர், “இன்னுங் கொஞ்சம், இன்னுங் கொஞ்சம், போதும் போதும்” என்று கூவுவர். அவர் இறங்கி வருமுன் காற்று அதனைத் திருப்பிவிடும். மின்சாரம் எட்டாத தோட்டங்களிலும் கிராமங்களிலும் வாகனங்களுக்குரிய பற்றரியைக் கொண்டு கறுப்பு வெள்ளைப் பெட்டிகளை இயக்கினர். அப்பற்றரியைச் சுமந்து கடைவீதிக்குக் கொண்டுபோய் மின்னேற்றி வருவது இளைஞரின் வேலையாயிற்று. மலையைக் கடந்தும் இருளைக் கடந்தும் மக்கள் அந்த ஒளியை வருந்தி அழைத்தனர். அழையாது வந்த விருந்தன்று அது.

ஒரு பெட்டியும் ஓர் அவையும்

யான் பள்ளிச் சிறுவனாக இருந்த அக்காலத்தில், கண்டி நகர்ப்புறத்தில் தெருவுக்கு ஒன்றோ இரண்டோ வீடுகளில்தான் பெட்டி இருந்தது. மாலையானதும் அவ்வீட்டு வாயிலில் செருப்புகள் குவியும். பாய் விரித்துப் பிள்ளைகள் முன்னே இருப்பர். முதியோர் பின்னே நாற்காலியில் இருப்பர். இடமில்லாதோர் சன்னற்கம்பியைப் பற்றிக்கொண்டு வெளியே நிற்பர். நிகழ்ச்சிகளுட் பெரும்பாலன சிங்களத்தில் இருந்தன. சிங்களம் அறிந்த பேரன் அறியாத பாட்டிக்குப் பெயர்த்துச் சொல்வான். “அவ ஏன்டா அழுவுறா?” என்று பாட்டி கேட்பாள். அவன் சொன்ன காரணம் போதாதாயின் அவளே ஒரு காரணம் கற்பிப்பாள். அதனை மறுத்து அடுத்த வீட்டு அத்தை ஒன்று சொல்வாள். உண்மையில், பெட்டி பேசியதிலும் கூடியிருந்தோர் பேசியதே மிகுதி. எட்டு மணிக்குள் ஒரு குடும்பக் கதையும் ஒரு சொற்போரும் சில உறவுகளும் அங்கே உருவாகிவிடும்.

இத்தகைய கூட்டக்காட்சியைத் திட்டமிட்டே நிகழ்த்திய நாடும் உண்டு. 1975 ஓகஸ்ட் தொடங்கி 1976 ஜூலை வரை இந்தியா, அமெரிக்கச் செய்மதி ஒன்றின் துணையுடன், ஆறு மாநிலங்களில் ஏறத்தாழ 2400 கிராமங்களுக்குத் தொலைக்காட்சியைக் கொண்டு சென்றது. கிராமத்துக்கு ஒரு பெட்டி, அதுவும் பொதுவிடத்தில். உழவும் உடல்நலமும் கல்வியும் அதன் பொருள்கள். கொழும்பில் வாழ்ந்த அறிவியற் புனைகதை ஆசிரியர் ஆதர் சி. கிளார்க்கின் இல்லத்திலும் அவ்வலையைப் பெறும் கருவி ஒன்றை இந்தியா நிறுவிக் கொடுத்தது. வானத்திலிருந்து வந்த அக்காட்சியை ஊரார் நிலத்தில் அமர்ந்து கூடிக் கண்டனர். கண்டதைப் பற்றிப் பேசினர்.

இதனால் ஒன்று தெளிவாகும். தொலைக்காட்சி தோன்றியவுடனே மனிதரைப் பிரித்துவிடவில்லை. பலர்க்கு ஒன்றாக இருந்த வரையில் அது ஓர் அவையைக் கூட்டிற்று. ஒருவர்க்கு ஒன்றாக ஆனபோதே அவை கலைந்தது. 1993-இல் சென்னையில் சன் தொலைக்காட்சி தோன்றியது. 1998-இல் இங்கே சக்தி தொலைக்காட்சி தோன்றியது. தமிழ் நிகழ்ச்சிகள் பெருகின. பெட்டியின் விலை தாழ்ந்தது. பெயர்த்துச் சொல்லப் பேரன் வேண்டாதவனானான்; அடுத்த வீட்டுப் பாய் தேவையற்றதாயிற்று. பின்னர்க் கூடத்துப் பெட்டி அறைக்குட் புகுந்தது. இன்று அது கைத்தொலைபேசியாகச் சுருங்கி, ஒரே கட்டிலில் இருவர் இருபுறம் திரும்பி இரு வேறு கதைகளைக் காணும் நிலை வந்துவிட்டது.

அட்ட கருமமும் ஆய்வுக்கூடமும்

நம் மந்திர நூலோர் பிறரைத் தம் வயப்படுத்தும் தொழில்களை எட்டாக வகுத்து அட்ட கருமம் என்றனர். வசியம், மோகனம், ஆகருடணம், தம்பனம், பேதனம், வித்துவேடணம், உச்சாடனம், மாரணம் என்பன அவை. மந்திரத்தில் நம்பிக்கை வேண்டுவதில்லை. வகுப்பின் நுட்பத்தை மட்டும் நோக்குவோம். ஆகருடணம் இழுப்பது, தம்பனம் இயங்குவதை நிறுத்துவது, மோகனம் மயக்குவது, வசியம் சொல்வழி நடக்கச் செய்வது, பேதனம் கூடியிருப்போரைப் பிரிப்பது. இவ்வைந்தும் இன்று நம் வீட்டு மூலையில் மந்திரமின்றியே நிகழ்கின்றன.

இழுத்தல் எவ்வாறு நிகழ்கின்றது? புதிய ஒலியோ அசைவோ தோன்றின் எவ்வுயிரும் தன்னையறியாது அப்பக்கம் திரும்பும். காட்டில் வாழ்ந்த உயிர்க்கு இது காவல். இவ்வியல்பை உருசிய அறிஞர் பவ்லோவ் 1927-ஆம் ஆண்டளவில் விளக்கினார். திரும்பும் கணத்தில் உடல் தன் ஏனைய தொழில்களைச் சற்றே தணித்து, மூளை புதியதை உற்றுநோக்கும். இயற்கையில் இத்தகைய திடுக்கீடு எப்போதோ ஒருமுறை நேர்வது. தொலைக்காட்சியிலோ காட்சி மாறுந்தோறும், படக்கருவி நெருங்குந்தோறும் விலகுந்தோறும், திடீரென ஓசை எழுந்தோறும் நேர்கின்றது. இவ்வடிவ மாற்றங்களே கவனத்தை ஈர்க்கின்றன என்பதை 1986-இல் பைரன் ரீவ்சு, எசுதர் தோர்சன் முதலிய அமெரிக்க ஆய்வாளர் எடுத்துக்காட்டினர். விருந்தினர் வந்து பேசிக்கொண்டிருக்கும்போது, விரும்பாமலே நம் கண் திரைக்குச் செல்வது இதனாலேயே. அது நம் ஒழுக்கக் குறைவன்று. நம் பழைய காவலன் ஏமாற்றப்படுகின்றான்.

இனித் தம்பனமும் மோகனமும். ராபர்ட் கூபி, மிகாலி சிக்செந்மிகாயி என்னும் இருவர் மக்களிடம் சிறு ஒலிக்கருவிகளைக் கொடுத்தனர். ஒரு கிழமைக்கு நாள்தோறும் ஆறு முதல் எட்டு முறை, எதிர்பாராத வேளைகளில் அக்கருவி ஒலிக்கும். ஒலித்தவுடன் தாம் அப்போது செய்வதையும் தம் மனநிலையையும் அவர் குறித்தல் வேண்டும். தொலைக்காட்சியின் முன் இருந்தோர், ஓய்வாகவும் செயலற்றும் இருப்பதாகக் குறித்தனர். இதில் வியப்பில்லை. பெட்டியை நிறுத்திய பின் அந்த ஓய்வுணர்வு உடனே நீங்கிற்று. செயலின்மையும் விழிப்புக் குறைவும் நீங்காது நின்றன என்பதே வியப்பு. நூல் படித்தோரிடமும் விளையாடினோரிடமும் இது காணப்படவில்லை. நிறுத்தினால் இன்பம் போகும், சோர்வு மிஞ்சும். ஆதலின் நிறுத்த மனம் வாராது. கட்டுண்டவன் கட்டை விரும்புதற்குக் காரணம் இதுவே. இவ்விருவரும் 1990-இல் ஒரு நூலாகவும், 2002-இல் ஒரு கட்டுரையாகவும் தம் முடிபுகளை வெளியிட்டனர்.

இதற்கு முன்பே, 1969-இல், ஹேர்பர்ட் குரூக்மன் என்னும் அமெரிக்கர் தொலைக்காட்சி காண்போர் மூளையின் மின்னலைகளை அளந்து பார்த்தார். ஒரு நிமிடம் நிறைவதற்குள்ளேயே ஊக்க அலைகள் தணிந்து அமைதி அலைகள் மேலோங்கின என்றார். இதனைக் கொண்டு தொலைக்காட்சி துயிலுக்கு நிகர் என முழங்குவோர் பலர். ஆனால் அவர் சோதித்தது ஒரே ஒருவரை. ஒரு நெல்லைக் கொண்டு ஒரு போகத்தை அளத்தல் தகாது. நாம் இங்குக் கருதவேண்டியது வேறு. குரூக்மன் மருத்துவரல்லர்; ஆசிரியரல்லர்; விளம்பர ஆராய்ச்சியாளர். காண்போன் விழித்திருக்கும்போதே அவன் எதிர்வாதம் உறங்கிவிடுமா என்பதை அறிய முதன்முதல் அவாவியோர் பொருள் விற்போரே. வசியம் என்னும் கருமம் யார் பொருட்டு நிகழ்கின்றது என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா.

பள்ளத்தாக்கில் ஓர் ஊர்

எஞ்சியது பேதனம். கண்டியைப் போலவே மலைகளிடையே அமைந்ததால் அலை எட்டாதிருந்த ஊர் ஒன்று கனடாவின் மேற்கே பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் இருந்தது. ஆய்வாளர் அதன் உண்மைப் பெயரை மறைத்து, தொலைக்காட்சி இல்லா ஊர் எனப் பொருள்படும் ‘நோட்டெல்’ என்னும் பெயரிட்டனர். 1973-இல் அவ்வூருக்குத் தொலைக்காட்சி வரவிருப்பதை அறிந்த உளவியலறிஞர் தானிஸ் மக்பெத் வில்லியம்ஸ் முதலியோர், அது வருமுன் ஒருமுறையும் வந்து ஈராண்டு கழிந்தபின் ஒருமுறையும் அவ்வூரை அளந்தனர். தொலைக்காட்சி முன்பே இருந்த இரண்டு ஊர்களுடன் ஒப்பிட்டும் பார்த்தனர். 1986-இல் அம்முடிபுகள் நூலாக வெளிவந்தன.

தொலைக்காட்சி வருமுன் நோட்டெல் மக்கள் கூட்டங்களிலும் விளையாட்டுகளிலும் ஆடற் கூடல்களிலும் பிற ஊராரினும் மிகுதியாகக் கலந்துகொண்டனர். வந்தபின் அவ்வருகை குறைந்தது. முதியோர் கூடுமிடங்களில் இருந்து நீங்கியது சிறப்பாகக் குறிப்பிடத்தக்கது. இளைஞரும் முதியோரும் ஒருங்கே இருந்து உரையாடிய இடங்கள் அங்ஙனம் வெறுமையாயின. சிறுவருள் ஆக்கச் சிந்தனைச் சோதனையில் முன்பு மேம்பட்டு நின்றோர், ஈராண்டின்பின் மற்றை ஊர்ச் சிறுவரோடு சமமாயினர். அவர்தம் முரட்டுச் செயல்களும் மிகுந்தன. எவரும் எவரையும் பகைத்துப் பிரியவில்லை. எவரும் ஊரை விட்டுப் போகவில்லை. ஒவ்வொருவரும் தத்தம் வீட்டிலேயே இருந்தனர். பிரிவு அவ்வாறே நிகழ்ந்தது.

கூத்து எவ்வாறு வேறுபட்டது?

காட்சியே மனிதரைப் பிரிக்கும் எனின் நம் முன்னோர் கூத்துக் கண்டும் பிரிந்திருத்தல் வேண்டுமே எனச் சிலர் வினவலாம். தக்க வினா. மலைநாட்டுத் தோட்டங்களில் மாசி மாதத்தில் காமன் கூத்து நிகழ்வதனை அறியாதார் இல்லை. காமன் கம்பம் ஊன்றுவர், தப்பு முழங்கும், இரதியும் மதனும் லயத்து வாயில்தோறும் ஆடி வருவர், இறுதியில் சிவபெருமான் நெற்றிக்கண்ணால் மன்மதன் எரிவான். பகலில் கொழுந்து பறித்தவளும் கவ்வாத்து வெட்டியவனும் இரவில் அதனைக் கண்டு விழித்திருப்பர். இரதியாக ஆடுபவன் பக்கத்துக் காம்பராவில் வாழ்பவன். அவன் ஒப்பாரி வைக்கும்போது அழும் மூதாட்டி, தன் கணவனை நினைந்து அழுகின்றாள். அருகிருப்போர் அதனை அறிவர். அவள் கையைப் பற்றுவர். கூத்தன் வேறு காண்போன் வேறு என்னும் பிரிவே அங்கு முழுமையாக இல்லை.

தொல்காப்பியர் எட்டு மெய்ப்பாடுகளை வகுத்தார். உள்ளத்து எழும் உணர்வு மெய்யிலே தோன்றிப் பிறர்க்குப் புலனாதலே மெய்ப்பாடு. ‘பிறர்க்கு’ என்பதனை உற்று நோக்குக. காண்பார் ஒருவரும் இல்லாவிடத்து மெய்ப்பாடு நிறைவு பெறாது. இருண்ட அறையில் தனித்துத் திரையை நோக்கியிருப்போன் நகுவான், அழுவான், அஞ்சுவான். அவன் நகையும் அழுகையும் ஒருவர்க்கும் புலனாவதில்லை. எல்லார் முகமும் ஒரே திசையில் திரும்பியிருக்கும். எம்முகமும் எம்முகத்தையும் நோக்காது.

பேராதனைப் பல்கலைக்கழகத்துக்கு நம் நாட்டு அரங்க வரலாற்றில் ஒரு தனிச்சிறப்பு உண்டு. 1956-இல் பேராசிரியர் எதிரிவீர சரச்சந்திரர் சிங்களத்தில் ‘மனமே’ நாடகத்தை ஆக்கினார். அவ்வெழுச்சியை உடனிருந்து கண்ட பேராசிரியர் சு. வித்தியானந்தன், மட்டக்களப்புக் கூத்து மரபைத் துணைக்கொண்டு 1962-இல் ‘கர்ணன் போர்’, 1964-இல் ‘இராவணேசன்’ முதலிய நாடகங்களைப் பேராதனையிற் படைத்தார். குன்றின் சரிவில் அமைந்த திறந்தவெளி அரங்கில் இருப்போர்க்கு நாடகமும் தெரியும். அதனைக் காணும் நூற்றுக்கணக்கான முகங்களும் தெரியும். இரண்டாவது காட்சி முதலாவதற்குக் குறைந்ததன்று.

கண்டிப் பெரஹராவையே எடுத்துக்கொள்வோம். தொலைக்காட்சி அதனை நேரே ஒளிபரப்புகின்றது. தெருவில் அமர்ந்திருப்போர்க்குத் தெரியாத யானை முகபடாத்தின் இழைகூடத் திரையில் தெளிவாகத் தெரியும். ஆயினும் பகலிலேயே வந்து தலதா வீதியோரத்தில் பாய் விரித்து இடம்பிடிக்கும் குடும்பங்கள் ஏன் வருகின்றன? சவுக்கோசை காதில் அறைவதும், தீவட்டியின் கொப்பரைப் புகை கண்ணைக் கரிப்பதும், முன்பின் அறியாதார் தம் குழந்தையை நம் மடியில் இருத்திவிட்டுத் தண்ணீர் தேடிச் செல்வதும் திரையில் வாரா. நான்கு தேவாலயங்களின் ஊர்வலங்களுள் இறுதியில் வருவது பத்தினி தேவாலயத்தினது. சிலப்பதிகாரம் இலங்கைக் கயவாகு மன்னனைக் கண்ணகி வழிபாட்டோடு சேர்த்துக் கூறுவதை அறிந்த தமிழ் மாணவன், அருகிருக்கும் சிங்கள நண்பனுக்கு அதனைச் சொல்வதற்கு உரிய இடம் தெருவோரம்தான், தனியறை அன்று.

மற்றொரு வேறுபாடும் உண்டு. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதை அரங்கின் அளவையும் விளக்கின் நிலையையும் கூறிய பின், ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி எனத் திரைச்சீலை மூவகையைக் கூறும். எழினி, கதைக்கும் வாழ்வுக்கும் இடையே உள்ள எல்லை. அது விலகும்போது கதைக்குட் புகுகின்றோம். வீழும்போது நம் வாழ்வுக்கு மீள்கின்றோம். கூத்திலும் மங்களம் பாடிய பின் ஒருவரும் இரார். தொடக்க ஆண்டுகளில் தொலைக்காட்சிக்கும் இவ்வெல்லை இருந்தது. மாலையில் தொடங்கி இரவில் ஒளிபரப்பு நின்றுவிடும். இன்றோ நாள் முழுதும் ஓய்வில்லை. நெடுந்தொடர்க்கு முடிவில்லை, அது முடியின் அடுத்தது தொடங்கும். கைத்தொலைபேசியில் ஒரு காட்சி முடியுமுன் மற்றொன்று தானே எழுகின்றது. எழினியைக் கழற்றி எறிந்துவிட்ட அரங்கு இது. வெளியேறும் வாயிலை அவைக்குக் காட்டாத அரங்கு.

மறுதலையும் கேட்போம்

இதனைப் படிக்கும் சிலர், “ஐயா, பத்தடிக்குப் பன்னிரண்டடி லயன் காம்பராவில் வாழ்பவனுக்கு உலகைத் திறந்து காட்டியது இப்பெட்டியன்றோ?” என்பர். உண்மை. மலைச்சரிவில் நாள்முழுதும் கூடை சுமந்த தாய்க்கு, மாலையில் ஒருமணி நேரம் தன் துயரையன்றிப் பிறர் துயரைக் காண்பதும் ஓர் ஆறுதலே. பிள்ளைகள் கொழும்புக்கும் வெளிநாட்டுக்கும் சென்றுவிட, தனித்திருக்கும் முதியவருக்கு மனிதக்குரல் கேட்பது அப்பெட்டியில்தான். தமிழ் ஒலிக்காத ஊர்களிலே தமிழ் ஒலித்தமையும் அதனாலேயே. 2020-ஆம் ஆண்டு கொள்ளைநோயால் பாடசாலைகள் மூடப்பட்டபோது தொலைக்காட்சி வழியே பாடங்கள் நடந்தன. இணையம் எட்டாத பிள்ளைகட்கு அதுவே ஆசிரியராயிற்று.

இவற்றுள் எதனையும் யான் மறுக்கவில்லை. ஆயின் இங்கும் ஒன்று நோக்கத்தக்கது. தனித்திருக்கும் முதியவரைத் தொலைக்காட்சி தனிமைப்படுத்தவில்லை. தனிமையை நாம் உண்டாக்கினோம், அது அதன்மேல் ஒரு போர்வை போர்த்திற்று. போர்வை உள்ளமையால் குளிரை நாம் அறிவதில்லை. அவர் பெட்டி பார்த்துக்கொண்டிருக்கின்றார், அவருக்கு என்ன குறை என்று நாமும் அடுத்த அறைக்குப் போய்விடுகின்றோம். நோயை ஆற்றும் மருந்து வேறு. நோய் தெரியாதவாறு செய்யும் மருந்து வேறு.

சஞ்சயன் செய்த பணி

வகுப்பறையில் யான் சில ஆண்டுகளாகக் கண்டுவரும் ஒன்றை ஆசிரிய அன்பர்க்குக் கூறுதல் பொருந்தும். முன்னாளிரவு கண்ட தொடர்க் கதையைச் சொல்லுக என ஆறாம் வகுப்பு மாணவனைக் கேட்டேன். நாள்தோறும் தவறாது காண்பவன் அவன். எழுந்து நின்று, “நல்லா இருந்துச்சு சேர். அடிச்சாங்க. அப்புறம் அழுதாங்க. மிச்சம் நாளைக்குப் போடுவாங்க” என்றான். அவ்வளவே. யார் அடித்தார், ஏன் அழுதார் எனின் விழித்தான். அறிவில் குறைந்தவனல்லன், கணக்கில் வல்லவன். ஆறு திங்களாகக் கண்ட கதை அவனிடம் காட்சியாக இருந்தது, சொல்லாக மாறவேயில்லை. அதே வகுப்பில், தோட்டத்திலிருந்து வரும் மாணவி ஒருத்தி, காமன் எரிந்த கதையைத் தன் பாட்டனிடம் கேட்டவாறே இடையறாது கால்மணி நேரம் சொன்னாள். அவளும் தொலைக்காட்சி காண்பவளே. வேறுபாடு யாதெனின், அக்கதையை அவளுக்கு ஒருவர் சொன்னார். இடையிடையே அவள் வினவினாள். பின்னர்த் தம்பிக்குச் சொன்னாள். வாயிற் புகுந்து வாயின் வெளிவந்த கதை நிலைத்தது.

இருக்குமிடத்திலிருந்தே நெடுந்தொலைவு கண்டவன் ஒருவனை நம் இதிகாசம் அறியும். பாரதப் போர்க்களத்து நிகழ்ச்சியைக் காணும் ஞானக்கண்ணை வியாசர் சஞ்சயனுக்கு அளித்தார். கண்ணிலா அரசன் திருதராட்டிரனுக்கு அவன் அதனை எடுத்துரைத்தான். ஆயின் சஞ்சயன் கண்டதை விழுங்கிக்கொண்டு வாளா இருக்கவில்லை. சொல்லினான். அரசன் வினவினான், விடையிறுத்தான். அரசன் பிழைபட்டவிடத்து இடித்துரைக்கவும் அஞ்சவில்லை. தொலைவிற் கண்டதை அருகிருப்பவனுக்குச் சொல்லாக்கித் தந்தமையாலேயே அக்காட்சி அறிவாயிற்று. இன்று நமக்கெல்லாம் அந்த ஞானக்கண் மலிவாகக் கிடைத்துவிட்டது. நாம் இழந்தது சஞ்சயனின் நாவை.

ஆதலின் பெட்டியை உடைத்தெறிக என யான் கூறேன். கூறினும் கேட்பார் இலர். செய்யத்தக்கன மூன்று உண்டு. ஒன்று, வீட்டில் ஒரு நாளைக்கு ஒரு நிகழ்ச்சியையேனும் எல்லாரும் ஒரே இடத்தில் இருந்து காணுதல். காணும்போது பேசுவோரை “உஷ்” என்று அடக்காதிருத்தல். முற்காலத்துச் சன்னலோரத்தார் பேசியவாறு பேசட்டும். இரண்டு, ஆசிரியர் கிழமைக்கு ஒரு பாடவேளையைச் சஞ்சயர்க்கு ஒதுக்குதல். கண்டதை நிரல்படச் சொல்லவும், கேட்டோர் வினவவும், சொன்னவன் விடைகூறவும் பயிலட்டும். திருவள்ளுவர் அவையறிதல், அவையஞ்சாமை என இரண்டு அதிகாரம் வகுத்தார். அவ்விரண்டையும் மனனம் செய்யும் மாணவர்க்கு அவை என ஒன்று இருக்கவும் வேண்டுமன்றோ? மூன்று, மாசித் திங்களில் அருகிலுள்ள தோட்டத்தில் காமன் கூத்து நிகழின் மாணவரை அழைத்துச் செல்லுதல். அங்கே அவர்கள் கூத்தை மட்டுமன்றி, கூத்தைக் காணும் மக்களையும் காணட்டும்.

எழினி இல்லாத அரங்குக்கு எழினி வீழ்த்த வேண்டிய கை நம்முடையதே. இன்று இரவு ஒரு நிகழ்ச்சி முடிந்ததும், அடுத்தது தொடங்குமுன், பெட்டியை நிறுத்திவிட்டுச் சற்றே இருந்து பாருங்கள். முதலில் அமைதி வரும். அது சிறிது துன்பமாகவும் இருக்கும். அதன்பின் வீட்டில் உள்ளோருள் யாரேனும் ஒருவர் பேசத் தொடங்குவர். அவர் சொல்வதை முழுமையாகக் கேளுங்கள்.